பேபி காரைச் சாய்த்த நாள்

என் அண்ணனுக்குக் காரைப் பற்றி எல்லாம் தெரியும். எஞ்சினைக் கிளப்பும் செல்ஃப் மோட்டார் எங்கே இருக்கிறது என்பது ஒன்றுதான் தெரியாது. அது தெரியாமலே இரண்டு வருடம் கெத்தாக ஓட்டினான். மூன்றாவது வருடமும் அப்படியே ஓட்டியிருப்பான். அதைத் தெரிந்துகொள்ள வேண்டிய நாளாக, நான் வேலையில் சேரப் புறப்பட்ட நாள்தான் வந்து வாய்த்தது.

அண்ணனுக்கு ராமேஸ்வரத்தில் துணிக்கடை. கடலுக்கு அக்கரையில் மண்டபம் ஊரில் இருந்த ஓர் அதிகாரி மாற்றலாகிப் போகும்போது தன் பேபி காரை இவன் தலையில் கட்டிவிட்டுப் போனார். பாம்பன் பாலத்தில் அப்போது ரயிலுக்குத்தான் வழி என்பதால் கார் சரக்கு வண்டியில் ஏறித் தீவுக்கு வந்தது. ராமேஸ்வரத்திலிருந்து பாம்பன் வரை ஏழெட்டு மைல் ஓட்டலாம். அதற்கு மேல் கடல். அங்கே போய் முட்டித் திரும்பி வருவதற்கு ஒரு கார். சைக்கிளில் போனால் குடும்ப மதிப்பு என்னாவது?

சின்னக் கார் என்றால் எல்லாம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும் என்று நாமாக நினைத்துக்கொள்கிறோம். உண்மை நேர்மாறு. பெரிய காரில் இருக்கும் அத்தனையும் இதிலும் உண்டு. அவற்றை வைக்க இடம் மட்டும் கிடையாது. எங்கள் சித்தப்பா வீட்டுச் சாமான் அறை போல, ஒன்றை எடுக்க வேண்டுமானால் ஒன்பதை வெளியே வைக்க வேண்டும்.

நான் ஆசிரியர் பயிற்சி முடித்திருந்தேன். ராமநாதபுரத்தில் ஒரு பெண்கள் பள்ளியில் வேலை கிடைத்து உத்தரவும் வந்துவிட்டது. குறித்த தேதியில் காலை பத்து மணிக்குள் வந்து சேராவிட்டால் உத்தரவு ரத்து என்று கடைசி வரியில் இருந்தது. அந்த வரியைப் படித்தபின் எங்கள் வீட்டில் பத்து நாள் பஞ்சாயத்து நடந்தது. எங்களைப் பெற்ற அய்யா காலமான பிறகு வீட்டில் சித்தப்பா வைத்ததுதான் சட்டம். "பொம்பளப் பிள்ளை சம்பளத்துக்குப் போனா குடும்ப மானம் நாறிப்போகும்" என்று அவர் ஒரு நாளைக்கு மூன்று வேளையும் சொன்னார், சாப்பாட்டுக்குப் பின் மருந்து சாப்பிடுவது போல. அம்மா இரண்டு பக்கமும் அழுதாள். அண்ணன் மட்டும் வாயே திறக்கவில்லை. அந்த மௌனத்தின் மேல்தான் எனக்கு எல்லாரையும்விட அதிக ஆத்திரம்.

குறித்த தேதிக்கு முந்தின நாள் சித்தப்பா காலையிலேயே குடையை எடுத்துக்கொண்டு எங்கோ போய்விட்டார். மத்தியானம் அண்ணன் வந்து, "பெட்டிய எடு. பாம்பன் வரைக்கும் நான் கொண்டுபோய் விடுறேன்" என்றான்.

அப்போது ராமேஸ்வரத்திலிருந்து ஒரு குட்டி ரயில் பாம்பனுக்குப் போகும். அங்கே இறங்கி, தனுஷ்கோடியிலிருந்து வரும் மெயிலில் மாறிக்கொள்ள வேண்டும். எங்கள் வீட்டிலிருந்து ஸ்டேஷன் கூப்பிடு தூரம். "ரயில் இருக்கையில கார் எதுக்கு?" என்று கேட்டேன்.

"கார் இருக்கையில ரயில் எதுக்கு?" என்றான்.

இப்படிப்பட்ட ஞானிகளோடு வாதாடி ஜெயிக்க முடியாது. பெட்டியோடு ஏறி உட்கார்ந்தேன்.

ஆனி மாதம். சோழகக் காற்று தெற்கேயிருந்து மணலை வாரி வாரி ரோட்டில் கொட்டிக்கொண்டிருந்தது. அந்த மணலில் சக்கரம் திணற, அக்காள்மடம் ஊரைத் தாண்டுவதற்குள் ரேடியேட்டர் கொதித்தது. அண்ணன் எஞ்சினை அணைத்து, தண்ணீர் ஊற்றி, மூடியைப் போட்டுவிட்டு உட்கார்ந்து, ஸ்டார்ட் செய்யும் குமிழை இழுத்தான். வழக்கமாக வரும் 'கிர்ர்' வரவில்லை. உள்ளே எங்கோ 'டொக்' என்று ஒரே ஒரு சத்தம். அதோடு சரி.

முன்பக்கம் கைப்பிடி போட்டு எஞ்சினைச் சுற்றலாமே என்றேன். கைப்பிடி கடையில் இருந்தது. கார் வைத்திருப்பவன் லாரிக்காரன் போல ரோட்டில் குனிந்து சுற்றுவது கௌரவக் குறைச்சல் என்று, அதைக் கடையின் பின்கதவுக்குக் குறுக்குக் கம்பியாகப் போட்டுவிட்டான். திருடன் வராமல் அது இரண்டு வருடம் காவல் காத்தது. கார் புறப்படாமலும் இப்போது காவல் காத்தது.

ரோட்டுக்கும் கடலுக்கும் நடுவே மாதா கோயிலுக்குப் போகும் வேதக்காரப் பரவர் குடிசைகள் சில இருந்தன. வள்ளத்தைக் கரையேற்றிவிட்டு வலை காயப்போட்டுக்கொண்டிருந்தவர்கள் ஓடி வந்தார்கள். காற்று காரணமாக அன்று யாரும் கடலுக்குப் போகவில்லை. பொழுது போகாமல் இருந்தவர்களுக்கு மாதாவே அனுப்பி வைத்த வேடிக்கையாக நாங்கள் போய் நின்றோம். பத்துப் பேர் சேர்ந்து தள்ளினார்கள். அண்ணன் கியரைப் போட்டான். பின்சக்கரம் சுழலாமல் மணலை உழுதுகொண்டு வந்தது.

அவர்களில் வள்ளத்துக்குச் சொந்தக்காரரான சம்மாட்டி இடுப்பில் கைவைத்து நின்றார். "என்ன முதலாளி, நங்கூரத்தப் போட்டுட்டுத் தள்ளச் சொல்றீக?"

அப்போதுதான் அண்ணனுக்கு ஞானம் பிறந்தது. காரை விற்ற அதிகாரியின் டிரைவர் சொல்லிவிட்டுப் போனானாம். செல்ஃப் மோட்டாரின் சின்னப் பல்சக்கரம் எஞ்சினின் பெரிய பல்சக்கரத்தைக் கடித்துச் சுழற்றிவிட்டு விலகிவிட வேண்டும். துருவோ மணலோ சேர்ந்தால் கடித்த கடியை விடாது. அப்போது எஞ்சினே சுற்றாது. தள்ளியும் பயனில்லை, கைப்பிடி இருந்தாலும் பயனில்லை. செல்ஃபின் பின்முனையில் சதுரமாக ஒரு கட்டை இருக்கும், அதில் ஸ்பேனர் போட்டுத் திருகினால் விட்டுவிடும். அவ்வளவுதான் வைத்தியம்.

"அப்ப திருகு" என்றேன்.

பானெட்டைத் திறந்தான். எஞ்சினின் பக்கவாட்டில், மேலாக, உருளையாக ஒன்று இருந்தது. அதன்மேல் சந்தனமும் குங்குமமும் அப்பியிருந்தன. வெள்ளிக்கிழமைதோறும் குளித்துவிட்டு வந்து, "செல்ஃப் நல்லா இருந்தாத்தான் கார் நல்லா இருக்கும்" என்று சொல்லிச் சொல்லி அவன் பொட்டு வைத்த உருளை அது. ஸ்பேனரை எடுத்துக்கொண்டு அதைச் சுற்றிச் சுற்றித் தேடினான். சதுரக் கட்டையைக் காணோம். பெல்ட்டைக் கழற்றிப் பார்த்தான். காணோம். கடைசியில் நிமிர்ந்து சொன்னான்: "ஏமாத்திட்டான் பாவி. கட்டை இல்லாத செல்ஃபக் குடுத்துட்டான்."

கருவாடு காயப்போட்டுக்கொண்டிருந்த சம்மாட்டியின் மனைவி கையைத் துடைத்துக்கொண்டு வந்து எட்டிப் பார்த்தாள். "இதுக்கு சத்து எங்கிட்டிருந்து வருது?"

"பேட்டரியிலேருந்து" என்றேன்.

"அப்ப அதுலேருந்து போற தடிக் கயித்தப் பிடிச்சுக்கிட்டே போங்க. நங்கூரம் எங்கன கெடக்குன்னு கயித்தக் கேட்டாத்தானே தெரியும்?"

பேட்டரியிலிருந்து என் சுண்டுவிரல் கனத்தில் ஒரு ஒயர் போயிற்று. அது பொட்டு வைத்த உருளையை ஏறிட்டும் பார்க்காமல், மறுபக்கம் போய், புகைக்குழாய்க்கு அடியில் இறங்கி இருட்டில் மறைந்தது. அந்த இருட்டில் எண்ணெயும் மணலும் அப்பிய இன்னோர் உருளை. அதுதான் செல்ஃப். இத்தனை நாள் சந்தனம் வாங்கிச் சாப்பிட்டது பேட்டரிக்குச் சார்ஜ் ஏற்றும் டைனமோ. உழைத்தவன் ஒருவன், மாலை போட்டுக்கொண்டவன் ஒருவன். ஊரில் இல்லாத வழக்கமா என்ன?

கண்டுபிடித்தாயிற்று, தொட வேண்டுமே. அண்ணன் கை முழங்கைக்கு மேல் இறங்கவில்லை, புகைக்குழாய் சுட்டதுதான் மிச்சம். என் கை இறங்கியது. விரல் நுனியில் சின்னத் தகர மூடி ஒன்று தட்டுப்பட்டது. இழுத்தேன், வந்துவிட்டது. உள்ளே சதுரக் கட்டை. ஆனால் அங்கே ஸ்பேனரைத் திருப்ப அரை அங்குல இடம் இல்லை. கீழிருந்துதான் முடியும். காரோ தரையைத் தொட்டுக்கொண்டு நின்றது. மணலைத் தோண்டினோம். தோண்டத் தோண்டச் சரிந்து மூடியது, கார் இன்னும் இரண்டு அங்குலம் பதிந்ததுதான் பலன்.

சம்மாட்டி சிரித்தார். "அடியில வேலைன்னா சாய்ச்சிற வேண்டியதுதான? வள்ளத்துக்கு அடியில ஒட்டுன சிப்பியச் சொரண்ட என்ன செய்றோம்? ஏலே, பழைய வலையெல்லாம் எடுத்துட்டு வாங்கடா!"

"பெயிண்டு போயிருமே!" என்று அலறினான் அண்ணன்.

"பேட்டரியக் கழட்டுண்ணே, அதுல ஆசிட் இருக்கு" என்றேன் நான்.

"கார் யாருது, ஒன்னுதா என்னுதா?" என்றான். சரி, அவனுடைய கார், அவனுடைய ஆசிட், அவனுடைய வேட்டி. நான் பெட்டியை இறக்கிக்கொண்டு ஒதுங்கி நின்றேன்.

வலதுபக்கம் வலையும் பனையோலையும் மெத்தை போல விரித்தார்கள். பத்துப் பேர் இடதுபக்கத்தைப் பிடித்து ஒரு தம் கட்டித் தூக்கினார்கள். பேபி கார் பேசாமல் பக்கவாட்டில் படுத்துக்கொண்டது. உள்ளேயிருந்து அண்ணனின் கூலிங் கிளாஸ், சீப்பு, பவுடர் டப்பா எல்லாம் வரிசையாக உருண்டு வந்தன. பேட்டரி சொட்டியது. அண்ணன் அதன் கீழேயே குந்தியிருந்தான்.

அந்த நேரம் பார்த்துக் குட்டி ரயில் ஊதிக்கொண்டு பாம்பனை நோக்கிப் போயிற்று. ஜன்னலுக்கு ஜன்னல் தலைகள். கவிழ்ந்த காரையும் பெட்டியோடு நிற்கும் என்னையும் பார்த்துச் சிலர் கையாட்டினார்கள். நான் போயிருக்க வேண்டிய ரயில். அது கண்ணில் மறையும் வரை பார்த்தேன். பிறகு என் வாய் என் கையில் இல்லை.

"நான் வேலைக்குப் போகக் கூடாது, அதானே ஒனக்கு? சித்தப்பா வாயால சொன்னாரு. நீ காரால செய்ற. அவராச்சும் ஆம்பளையா நேர்ல நின்னு சொன்னாரு!"

பத்துப் பேருக்கு முன்னால் சொன்னேன். சம்மாட்டியின் மனைவிகூட முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அண்ணன் தலையைக் காரின் அடியில் விட்டபடியே ஸ்பேனரைச் சதுரக் கட்டையில் மாட்டி இரண்டு கையாலும் இழுத்தான். அது வழுக்கி விரலைக் கிழித்தது. மறுபடி மாட்டினான். மூன்றாவது தடவை 'டக்' என்று நண்டு கொடுக்கை விட்டதுபோல் ஒரு சத்தம். விட்டுவிட்டது.

நிமிர்த்துவதற்குள் சம்மாட்டியின் மனைவி ஒரு சட்டி மீன் எண்ணெயோடு வந்துவிட்டாள். "சாய்ச்சது சாய்ச்சாச்சு. அடியெல்லாம் துருவாக் கெடக்கு. பலகை குடிக்கிற எண்ணெய இரும்பு குடிக்காதாக்கும்?" வேண்டாம் என்று சொல்லி வாய் மூடுமுன் அடிப்பாகம் முழுவதும் பூசியாகிவிட்டது. எங்கள் வீடு சைவம். மீன் என்ற சொல்லைக்கூட அம்மா வீட்டுக்குள் சொல்ல விடமாட்டாள்.

நிமிர்த்தி, பெல்ட்டை மாட்டி, குமிழை இழுத்ததும் 'கிர்ர்' என்று எஞ்சின் எழுந்தது. எல்லாரும் கைதட்டினார்கள். புகைக்குழாய் சூடேற ஏற, பூசிய எண்ணெய் பொரிய ஆரம்பித்தது. பாம்பன் வரை ஒரு மீன் சட்டிக்குள் உட்கார்ந்து போனோம். மெயில் போயிருக்கும், உத்தரவு ரத்தாகிவிடும், நாளை முதல் சித்தப்பாவுக்கு வெற்றிலை மடித்துக் கொடுக்கலாம் என்று நினைத்துக்கொண்டே வந்தேன்.

மெயில் பாம்பனிலேயே நின்றது. சோழகம் மிஞ்சிப் போனதால் பாலத்தில் ஏற விடாமல் நிறுத்திவைத்திருந்தார்கள். காற்று தணிந்தால்தான் புறப்படும் என்றார் ஸ்டேஷன் மாஸ்டர். எந்தக் காற்று எங்கள் ரேடியேட்டரைக் கொதிக்க வைத்ததோ அதே காற்று.

அண்ணன் என்னைப் பெண்கள் பெட்டியில் ஏற்றிவிட்டு, ஜன்னலுக்கு வெளியே நின்றான். கிழிந்த விரலைத் துண்டால் சுற்றியிருந்தான். போய்விடுவான் என்று நினைத்தேன். போகவில்லை.

"சித்தப்பா காலையிலேருந்து ராமேஸ்வரம் ஸ்டேஷன்லதான் உக்காந்திருக்காரு" என்றான். "கூட மாமாவும் இன்னும் நாலு பேரும். ஒன்ன வண்டியேற விடாமக் கூட்டிட்டு வாரேன்னு அம்மாகிட்டச் சத்தியம் பண்ணிட்டுப் போயிருக்காரு. அதான் கார்."

நான் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு கேட்டேன். "ஏன் மொதல்லயே சொல்லல?"

"சொல்லியிருந்தா நீ நேரா ஸ்டேஷனுக்கே போய் அவரோட சண்டைக்கு நின்னுருப்ப. சண்டையில நீ ஜெயிச்சிருப்ப. வண்டி போயிருக்கும்."

என்னை இவ்வளவு சரியாக அளந்து வைத்திருந்தவன், காருக்குள் ஓர் உருளையை அளக்கத் தெரியாமல் போனான். அவனைச் சொன்னதையெல்லாம் நினைத்து அழுகை முட்டியது. மன்னிச்சிரு என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். "இனிமே பொட்ட செல்ஃபுக்கு வைண்ணே" என்றுதான் வந்தது.

"கை எட்டாதே" என்றான். "வெள்ளிக்கெழமதோறும் சாய்க்கணும்."

இருவரும் சிரித்தோம். நான் அழவும் செய்தேன். சற்று நேரத்தில் வண்டி மெல்லப் பாலத்தில் ஏறியது. ஆசிட் பட்ட அவன் வேட்டி அடுத்த துவைப்பில் சல்லடையாகி வந்தது என்று பிறகு கடிதம் எழுதினான்.

மறுநாள் காலை பள்ளிக்கூடத்தில் தலைமை ஆசிரியை உத்தரவை வாங்கிப் பார்த்தார். மூக்கைச் சுளித்தார். ஜன்னலைத் திறக்கச் சொன்னார். என்னிடம் இருந்த ஒரே நல்ல சேலையை, ராமநாதபுரத்தில் இறங்கித் தங்கிய இடத்தில் இரவே துவைத்துக் காயப்போட்டும் மீன் வாடை போகவில்லை. சித்தப்பா சொன்னபடி குடும்ப மானம் அன்று ஒரு நாள் நன்றாகவே நாறியது. பத்து மணிக்கு இன்னும் கால்மணி இருந்தது. பேனாவை வாங்கி, வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டேன்.