மேகவாசலுக்கு எழுதிய விதிகள்

கொல்லிமலையில் நான் மழை அளந்த ஆண்டுகளில் ஒரே ஒரு காலைக்கு மட்டும் அளவு இல்லை. பதிவேட்டில் அந்தக் கட்டத்தில் ஒரு கோடு இருக்கும். காரணம் எழுத வேண்டிய இடத்தில் அன்று ஒன்றும் எழுதவில்லை. இங்கே எழுதுகிறேன்.

அதற்கு ஏழு நாள் முன்புதான் மலைக்காய்ச்சலில் கிடந்த என் மனைவியை டோலியில் வைத்து நான்கு பேர் கீழே கொண்டுபோனார்கள். அப்போது மலைக்கு வண்டிப்பாதை கிடையாது. எனக்கு விடுப்பு வரவில்லை. அவளுடைய அண்ணன் அடிவாரத்தில் காத்திருந்து ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போவதாக ஏற்பாடு. நானும் எட்டு வயது மகளும் பாறை விளிம்புவரை போய் நின்றோம். டோலி முதல் வளைவில் திரும்புவதற்குள் கீழிருந்து மேகம் ஏறி அதை மூடிவிட்டது.

"அம்மா மேகத்துக்குள்ள போயிட்டாங்களா?" என்று மகள் கேட்டாள்.

ஆமாம் என்றேன்.

விளக்கு வைத்ததும் அவள் அழத் தொடங்கினாள். அழுகையை நிறுத்த ஒரு கதை சொன்னேன். மேகங்களின் மேல் ஊர்கள் உண்டு, அங்கே இருப்பவர்கள் ஒரு மேகத்திலிருந்து இன்னொன்றுக்கு நடந்து போக முடியாது, அதனால் ஒவ்வோர் ஊரின் விளிம்பிலும் தரையில் ஒரு வளையம் கிடக்கும், அதுதான் மேகவாசல். அதற்குள் நின்று, கண்ணை மூடி, யாரிடம் போக வேண்டுமோ அவர் முகத்தை நினைக்க வேண்டும். மேகம் வளையத்தைத் தொட்டதும் அவரிடம் போய்ச் சேர்ந்துவிடலாம்.

எனக்கு எதையும் அரைகுறையாகச் சொல்ல வராது. அவள் கேள்வி கேட்கக் கேட்க, முன்னுக்குப்பின் முரணாகிவிடக் கூடாது என்று ஒரு நோட்டில் எண் போட்டு எழுதி வைத்தேன். வளையம் இரும்பாக இருக்க வேண்டும் என்பது நான்காவது விதி. மேகம் முதலில் தொடும் இடத்தில் அது கிடக்க வேண்டும் என்பது ஐந்தாவது. வளையத்துக்குள் நிற்கும்போது யார் பெயர் சொல்லிக் கூப்பிட்டாலும் பதில் பேசக் கூடாது, பேசினால் பாதி உடம்பு போகும், பாதி இங்கேயே நின்றுவிடும் என்பது ஆறாவது. அவள் பேசாமல் படுத்திருக்க வேண்டும் என்பதற்காகவே அதைச் சேர்த்தேன். பகலில் அவள் அந்த நோட்டை எடுத்து வைத்துப் படிப்பாள்.

அன்று காலை எட்டு மணிக்கு மழைமானியிலிருந்து செம்புக் குவளையை எடுத்துக்கொண்டு உள்ளே வந்தேன். அவளைக் காணவில்லை. பின்சுவரில் மாட்டியிருந்த பழைய பீப்பாயின் இரும்பு வளையத்தையும் காணவில்லை. வெளியே நீட்டிய கை தெரியாத அளவுக்கு மேகம். குவளையைக் கீழே வைக்கக்கூடத் தோன்றாமல் ஓடினேன்.

மிளகுக் கொடிகளுக்கு நடுவே ஒருவர் மேல் மோதினேன். வாழவந்தி நாட்டு விவசாயி அவர். என் மனைவியின் டோலிக்கு முன்தோள் கொடுத்தவர்.

"ஏனுங்க ரைட்டரய்யா, குவளையத் தூக்கிக்கிட்டு எங்கீங்க ஓட்டம்? மழை தப்பிச்சுப் போயிருச்சுங்களா?"

சொன்னேன். அவர் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

"ஓடாதீங்க. இங்கிருந்து எழுவது தப்படியில பாறை. அதுக்கப்புறம் ஒண்ணுமில்லீங்க."

அடி அடியாக நடந்தோம். நான் பெயர் சொல்லிக் கூப்பிட்டேன். அவர் "கண்ணு, சாமி" என்று கூப்பிட்டார். பதில் இல்லை. நின்று கேட்டபோது எங்கோ இரும்பு பாறையில் உராய்ந்தது. மறுபடி கூப்பிட்டேன். அந்த உராய்வும் நின்றுவிட்டது.

"இங்கதான் எங்கியோ இருக்குது. வாயத் தொறக்க மாட்டேங்குதே. அப்பன் மேல கோவமுங்களா?"

ஆறாவது விதியை அவரிடம் சொன்னேன். மேக வெள்ளையில் அவர் முகம் எனக்குத் தெரியாதது நல்லதாயிற்று.

"எழுதுனது நீங்கதானுங்களே. மாத்திச் சொல்லுங்க."

"நோட்டுல இல்லாததை நம்பமாட்டா."

"அப்ப நோட்டுல என்ன இருக்குதோ அதுல ஒரு வழி பாருங்க. சுருக்கா."

முதல் விதியிலிருந்து முணுமுணுத்தேன். ஆறு வரை வந்தது. அதற்குமேல் ஒன்று இருந்தது. என்னவென்று தெரியவில்லை. என் கையால் எழுதியதை நான் மறந்தது அதுவே முதல் முறை. குவளை சாய்ந்து மிச்சமிருந்த நீர் என் காலில் கொட்டியது. குனிந்து பார்த்தேன். செம்பு.

ஏழாவது: காற்று சரியில்லாவிட்டால் வாசல் காவல்காரன் செம்பில் மூன்று தட்டுத் தட்டி, நிறுத்தி, இன்னொன்று தட்டுவான். வளையத்தில் நிற்பவர் அங்கேயே உட்கார்ந்து தம் பெயரைச் சொல்ல வேண்டும். காவல்காரன் கையைப் பிடிக்கும்வரை எழுந்திருக்கக் கூடாது.

விவசாயியிடம் அதைக் காதோடு சொல்லி, அவருடைய கொடுவாளை வாங்கி அதன் முதுகால் குவளையில் அடித்தேன். மூன்று. பிறகு ஒன்று.

ஒன்றும் கேட்கவில்லை. மீண்டும் அடிக்கக் கையை ஓங்கியபோது என் மகள் தன் பெயரைச் சொன்னாள். பள்ளிக்கூடத்தில் சொல்வதுபோல இனிஷியலோடு சொன்னாள். நாங்கள் தேடிய பக்கத்தில் அவள் இல்லை. இடப்புறம், பாறை சரியும் இடத்தில், எங்களுக்குக் கீழே இருந்தாள்.

விவசாயி குப்புறப் படுத்து நகர்ந்தார். அவர் கணுக்கால்களை நான் பிடித்துக்கொண்டேன்.

"காவக்காரன் வந்துட்டேன் சாமி. கையக் குடு. இப்ப எந்திரிக்கலாம்."

அவள் எழுந்ததும் வளையம் நழுவியது. பாறையில் இரண்டு முறை மோதும் சத்தம் கேட்டது. பிறகு கேட்கவில்லை.

"இன்னிக்கு அவ்வளவுதானாப்பா?" என்றாள்.

"காத்து சரியில்ல" என்றேன்.

நான்கு நாள் கழித்து மைத்துனர் தனியாக மலையேறி வந்தார். முற்றத்தில் நின்று தலைத்துண்டை அவிழ்த்தார். அவர் சொல்வதற்கு முன்பே எனக்குத் தெரிந்துவிட்டது. மகளுக்கு நான்தான் சொன்னேன். அவள் அழவில்லை. உள்ளே போய் நோட்டை எடுத்துவந்தாள்.

"அன்னிக்கு நீங்க செம்புல தட்டாம இருந்திருந்தா நான் அம்மாவப் பாத்திருப்பேன்."

வாசல் என்று ஒன்று இல்லை, அது நான் கட்டியது என்று சொல்லியிருக்கலாம். பென்சில் கேட்டாள், கொடுத்தேன். அடிக்கோலை வைத்து, நான் கோடு போடுவதைப் போலவே, ஏழாவது விதியை ஒரே நேர்கோட்டில் அடித்தாள்.

ஆறாவதை அப்படியே விட்டுவிட்டாள். அதற்குப் பிறகு வெகுநாள், நான் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் அவள் பதில் பேசவில்லை.