நான் காட்டிய ஆதண்டை

போன வாரம் எங்கள் மில்லர்புரம் வாட்ஸ்அப் குழுவில் ஒருவர் ஒரு பூவைப் படம் பிடித்துப் போட்டு, "இது என்ன பூ, யாருக்காவது தெரியுமா?" என்று கேட்டிருந்தார். வெள்ளை இதழ், பூனை மீசை மாதிரி நீட்டிக்கொண்டிருக்கும் இழைகள். ஒருவர் காட்டுமல்லி என்றார். இன்னொருவர் ஏதோ வெளிநாட்டுச் செடி என்று அடித்துவிட்டார். எங்கள் குழுவில் தெரியாது என்று சொல்கிறவர் கிடையாது. எனக்கு நிஜமாகவே தெரியும். ஆதண்டை. வெள்ளையாக விரிந்து, பொழுது சாய்வதற்குள் சிவந்துபோகும். பெயரை அடித்தேன். அனுப்ப மனசு வரவில்லை. அழித்துவிட்டுப் போனைக் கவிழ்த்து வைத்தேன்.

அந்தப் பெயரை எனக்குச் சொன்னவள் செசிலியக்கா. அப்போது எனக்கு இருபத்து மூன்று வயது. நான் உடன்குடிப் பக்கம். பனையைத் தவிர மற்றதெல்லாம் வெறும் முள்ளு என்றுதான் நினைப்பு. துறைமுகத்துக்குப் போகிற புதுச் சாலைக்கு அளவெடுக்கும் வேலை. மாப்பிள்ளையூரணி தாண்டி முள்காட்டுக்குள் கல் ஊன்றிக்கொண்டே போவோம். தலையில் தொப்பி, கையில் டேப், மனசுக்குள் கலெக்டர்! செசிலியக்கா கடற்கரையிலிருந்து மீன் கூடையோடு அந்தக் காட்டு ஒற்றையடிப் பாதையில்தான் வருவாள். அவள் போன பிறகும் ரொம்ப நேரம் சாளை வாசம் நிற்கும். இன்றைக்கும் மார்க்கெட்டில் சாளையைப் பார்த்தால் எனக்கு அந்த முள்காடுதான் ஞாபகத்துக்கு வருகிறது.

ஒருநாள் கூடையை இறக்கி வைத்துவிட்டு ஒரு புதரைக் காட்டினாள்.

"தம்பி, இந்த ஒத்த ஆதண்டைய மட்டும் விட்டுருங்க. எம் மூத்தது இதுக்கடியில கெடக்கு."

பிறந்த அன்றைக்கே போய்விட்ட பிள்ளை. ஞானஸ்நானம் கொடுப்பதற்குள் இறந்த பிள்ளைக்குக் கல்லறைத் தோட்டத்தில் இடமில்லை என்பது அந்தக் காலத்து வழக்கம். புருசன் தோணியில் கொழும்புக்குப் போயிருந்தாராம். அவள் அண்ணன்தான் துண்டில் சுற்றிக் கொண்டுவந்து இங்கே புதைத்திருக்கிறார். பெயரும் வைக்கவில்லை, சிலுவையும் நடவில்லை. அந்தச் செடிதான் அடையாளம்.

"நான் பாத்துக்கிடுதேன் அக்கா" என்றேன். எவ்வளவு சுலபமாக வந்தது தெரியுமா அந்த வார்த்தை!

சூப்பர்வைசரிடம் சொல்ல இரண்டு தடவை பக்கத்தில் போனேன். "என்னலே?" என்றார். ஒரு முள்செடிக்காகவா என்று எல்லார் முன்னாலும் சிரித்துவிடுவாரோ என்று, "ஒண்ணுமில்ல அண்ணாச்சி" என்று திரும்பிவிட்டேன். வேறு காரணமே கிடையாது. திங்கட்கிழமை புல்டோசர் வந்தது. அந்தச் செடிக்கு ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. நான் பார்த்துக்கொண்டுதான் நின்றேன்.

பத்து நாள் கழித்துச் செசிலியக்கா வந்தாள். பாதையும் இல்லை, காடும் இல்லை, வெறும் பொட்டல். கூடையை இறக்காமலே சுற்றிச் சுற்றிப் பார்த்தாள். "எங்கன இருக்கு தம்பி?" என்றாள். அந்த முகத்தைப் பார்த்து உண்மையைச் சொல்ல எனக்குத் துப்பில்லை. சாலை எல்லைக்கு வெளியே தப்பிப் பிழைத்த ஆதண்டை ஒன்று நின்றது. கையை நீட்டி, "அந்தா அதுதான் அக்கா" என்றேன்.

ஓடினாள். முள் சேலையைப் பிடித்து இழுக்க இழுக்க அதனடியில் போய் உட்கார்ந்து அழுதாள். திரும்பி வந்து, "மாதா ஒன்ன நல்லா வப்பா" என்று என் தலையைத் தொட்டாள். பாவி நான், தலையைக் குனிந்து கொடுத்தேன்.

சாலை வேலை முடிகிறவரைக்கும் எனக்கென்று நாலு சாளையைத் தனியாக எடுத்து வைப்பாள். வாங்கித் தின்றேன், ஐயா. வேலை மாறிய பிறகும் கல்லறைத் திருநாளன்று பஸ்ஸில் போகும்போது பார்ப்பேன். ஊரே கல்லறைத் தோட்டத்தில் இருக்கும். அவள் மட்டும் அந்தச் செடிக்கடியில், காற்றுக்குக் கையை மறைத்து, மெழுகுதிரி ஏற்றிக்கொண்டிருப்பாள். இறங்கிப் போய்ச் சொல்லியிருக்கலாம். அடுத்த வருஷம், அடுத்த வருஷம் என்றே இருந்துவிட்டேன்.

மூன்று மாதத்துக்கு முன்னால் அவள் மகள் யாரிடமோ என் நம்பரை விசாரித்து வாங்கிப் போன் பண்ணினாள். அம்மா இறந்துவிட்டாள், சாயங்காலம் அடக்கம். "அந்த ஆதண்டைக்கடியில ஒரு பிடி மண்ணெடுத்துப் பெட்டிக்குள்ள வைக்கணும்னு சொல்லிட்டுப் போயிருக்கா. அங்கன போனா செடியவே காணும் மாமா, அம்மா படுக்கையில கெடந்த வருசத்துல குடோன் கட்டியிருக்காவ. எடம் ஒங்களுக்குத்தான் தெரியும்னு அம்மா சொல்லுவா."

உடனே போனேன். மாப்பிள்ளையூரணியிலிருந்து துறைமுகம் வரைக்கும் கண்ணில் ஒரு ஆதண்டைகூடப் படவில்லை. குடோன் சுவரோரம் நின்ற அந்தப் பெண்ணை ரோட்டுப் பக்கம் கூட்டிவந்தேன். நான் அளந்த இடமாயிற்றே, கண்ணை மூடிக்கொண்டும் காட்டுவேன். கண்டெய்னர் லாரிகள் ஏறி ஓடிக்கொண்டிருந்த இடத்தைக் காட்டினேன்.

"அங்கதாம்மா. அன்னைக்கு அம்மாகிட்ட நான் பொய் சொல்லிட்டேன்."

திட்டுவாள் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். தார் ஓரத்தில் குனிந்து, ஜல்லியும் மண்ணுமாகச் சுரண்டிக் கைக்குட்டையில் முடிந்துகொண்டாள். எழுந்து ரோட்டைப் பார்த்தாள். திரும்பிக் குடோனைப் பார்த்தாள்.

"அப்போ அம்மா இத்தன வருசமா யாருக்கு மாமா மெழுகுதிரி கொளுத்துனா?"

லாரிச் சத்தத்தில் கேட்காதது மாதிரி நின்றேன்.