தலைத்துணி மாற்றிய சில வினாடிகள்

மலேசியாவின் கிள்ளானில் என் முக்காட்டைப் பார்க்கிறவர்கள் கேட்கும் முதல் கேள்வி, நான் எப்போது இஸ்லாத்தில் சேர்ந்தேன் என்பதுதான். போன வாரமும் கடைக்கு வந்த மலாய் அம்மையார் ஒருவர் என் நிறத்தைப் பார்த்துவிட்டு, "சிஸ், பாரு மாசுக் இஸ்லாம் கே?" என்று, புதிதாய் இஸ்லாத்தில் சேர்ந்தாயா எனப் பரிவோடு விசாரித்தார். பிறந்ததிலிருந்தே முஸ்லிம்தான் என்றேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, புதிதாய்ச் சேர்ந்தவர்களுக்குத் தொழுகை சொல்லித்தர நல்ல வகுப்பு இருக்கிறது என்றார். நாகைக்குத் தெற்கே எங்கள் தெருவில் பாங்கு சொல்லித்தான் கோழியே கூவும் என்பதை இவருக்கு எப்படிப் புரியவைப்பது? சிரித்து வைத்தேன்.

நான் வேலை செய்வது சல்மா அக்காவின் துடோங் கடையில். இங்கே தலைத்துணிக்குத் துடோங் என்று பெயர். என் கணவருக்கு சுபாங் ஜெயாவில் வேலை. வீட்டுக்குள் முடங்கிக் கிடக்க எனக்கு ஒத்துவரவில்லை. கடையில் பாதி வியாபாரம், கைபேசி லைவில் பாதி. உள்ளே பருத்தித் தொப்பியை மாட்டிக்கொண்டு, கேமரா முன்னால் ஒரு துடோங்கை அவிழ்த்து இன்னொன்றைக் கட்டிக் காட்டவேண்டும். முடி ஓர் இழைகூடத் தெரியாது. முதல் நாள் தயங்கினேன்.

"இங்க எல்லாரும் அப்படித்தான் காட்டுறாங்க லா. உள்ள தொப்பி போட்டிருக்கல்ல, அப்புறம் என்ன?" என்றார் அக்கா.

எனக்கும் சரியென்றே பட்டது. இன்றும் அப்படித்தான் படுகிறது.

என் உம்மா வெள்ளைத் துப்பட்டிக்காரி. கடைத்தெருவோ கல்யாணமோ, அதைச் சுற்றிக்கொண்டு கிளம்பினால் தெருவே வழிவிடும். நான் கல்லூரிக்குப் போன காலத்தில் வீட்டுக்கு வீடு கைபேசி வந்தது, அதில் பயான் என்று மார்க்கப் பேச்சு வந்தது. யாரோ ஒருவர் எங்கோ உட்கார்ந்துகொண்டு, வெள்ளை கண்ணை இழுக்கும், கறுப்புதான் முறை என்று பேசினார். அதை எல்லாரும் எல்லாருக்கும் அனுப்பினார்கள். "அப்ப இத்தன வருஷமா நான் போட்டது என்னவாம்?" என்று உம்மா சண்டைக்கு நின்றார். அடுத்த பெருநாளைக்கு அவரும் கறுப்புக்கு மாறிவிட்டார். அங்கே தெருவையே கறுப்பாக்கிய கைபேசி, இங்கே என்னிடம் வாரம் ஒரு புது நிறம் கேட்கிறது. பெண்ணின் தலை மட்டும் எங்கே போனாலும் ஊர்ப் பொதுச் சொத்து.

தங்கை ஜரீனாவுக்கு நிக்காஹ் பேசி முடித்திருந்தார்கள். அந்த நேரம் பார்த்து எந்தப் புண்ணியவானோ, நான் துடோங்கை அவிழ்க்கும் சில வினாடிகளை மட்டும் வெட்டி எங்கள் ஊர்க் குரூப்பில் போட்டுவிட்டான். திரும்பக் கட்டுவது அதில் இல்லை. அன்று நான் போட்டிருந்தது கறுப்புத் தொப்பி. கைபேசித் திரையில் அது முடியாகவே தெரிந்தது.

உம்மா அழைத்தார். "கடல் தாண்டிப் போயி தலைய அவுத்துப் போட்டு ஆடுறியாமே?"

"அது தொப்பி உம்மா."

"தொப்பின்னு வீடு வீடா ஏறி எறங்கி நான் சொல்லவா?"

மாப்பிள்ளை வீட்டார் சம்பந்தத்தை முறிக்கவில்லை. ஒரே ஒரு நிபந்தனை போட்டார்கள்: கல்யாணத்தில் நான் தலைகாட்டக் கூடாது. வாப்பா ஒத்துக்கொண்டார். கேட்கிறவர்களிடம் எனக்கு லீவு கிடைக்கவில்லை என்று சொல்லிக்கொள்ளலாமாம். ஜரீனா உம்மாவிடமிருந்து போனைப் பிடுங்கி, "ராத்தா, நீ வராம நான் எப்புடி..." என்று தொடங்கினாள். பாதியில் இணைப்பு போய்விட்டது, யாரோ துண்டித்திருப்பார்கள். அவளுக்கு முதன்முதலில் முக்காடு போட்டுவிட்டவள் நான். ஆனாலும் அது அவள் வாழ்க்கை. வரவில்லை என்று சொல்லிவிட்டேன்.

நிக்காஹ் அன்று நான் கடையில் கல்யாணத் துடோங் கட்டிக் காட்டிக்கொண்டிருந்தேன். லைவ் முடிந்ததும் உம்மாவின் அழைப்பு வந்தது.

"எல்லாம் நல்லபடியா முடிஞ்சிச்சு. நீ கொஞ்ச நாளைக்கி ஊர்ப்பக்கம் வராத."

"எத்தன நாளைக்கி உம்மா?"

"ஊரு மறக்குற வரைக்கும்."

மறக்கட்டும் என்று நானும் நினைத்தேன். அன்று மாலையே சல்மா அக்கா தன் கைபேசியை என்னிடம் நீட்டினார். அதே துண்டு வீடியோ இங்கேயும் பொதுவில் வந்துவிட்டது. அடியில் மலாய்க்காரர் ஒருவர், துடோங்கைக் கேவலப்படுத்தாதே, "பாலிக் இந்தியா லா" என்று என்னை இந்தியாவுக்கே திரும்பிப் போகச் சொல்லியிருந்தார். அதற்கு நேர் கீழே தமிழில், "இவளை நம்ம ஊர் மண்ணை மிதிக்க விடாதீங்க" என்று இருந்தது. இரண்டுக்கும் நிறையப் பேர் இதயக் குறி போட்டிருந்தார்கள்.