இலைக்கு முன்னால் வரும் பூ

தாது வருஷம் வைகாசி மாதம், கோடையின் முதல் பெருமழை பெய்த எட்டாம் நாள், காலை ஆறு மணிக்குச் சேலத்தில் ராசிபுரம் பஸ் ஏறினேன். பதினாறு மைல், கட்டணம் ஐந்து அணா. நான் சூரமங்கலம் ரயில்வே கூட்ஸ் ஷெட்டில் குமாஸ்தா. ஒரு பூவைப் பார்க்க லீவு என்று மேலதிகாரியிடம் சொல்ல வெட்கப்பட்டு, "சொந்த வேலை" என்று எழுதிக் கொடுத்திருந்தேன்.

ஏர்க்காட்டுப் பங்களாக்களில் மரத்தில் தொங்கும் ஆர்க்கிட்டுகளைப் பலர் பார்த்திருப்பீர்கள். நான் தேடிப் போனது மண்ணில் கிழங்கு விட்டு வளரும் ஆர்க்கிட். தாமரை இலை போல வட்டமாக, விசிறி மடிப்போடு, தரையை ஒட்டி ஒரே ஓர் இலை விடும். ஓரிலைத்தாமரை என்பார்கள். நாலு வருஷத்துக்கு முன் ஒரு மலைச்சரிவில் பறித்த அதன் இலை ஒன்றை, ரயிலுக்குக் காத்திருந்த சென்னைக் கல்லூரித் தாவரவியல் ஆசிரியர் ஒருவரிடம் காட்டினேன்.

"இந்தப் பக்கம் இது கிடையாது. இலையை எங்கிருந்தும் கொண்டு வரலாம். பூவோடு கொண்டு வாரும், நம்புகிறேன்" என்றார். பிளாட்பாரத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். பூத்த தேதி, இடம், எடுத்தவர் பெயர் என்று அச்சிட்ட ஒரு சீட்டை என் கையில் கொடுத்துவிட்டு ரயில் ஏறினார். நான் பொய் சொல்கிறவன் இல்லை. பூவோடு காட்டுவது என்று அன்றே முடிவு செய்துவிட்டேன்.

அடுத்த மூன்று வருஷமும் மழைக்காலத்தில் போய் அந்த இலைகளுக்குப் பக்கத்தில் காத்துக்கிடந்தேன். மொட்டுகூட வரவில்லை. மூன்றாம் வருஷம், அங்கே ஆடு மேய்க்கும் ராமாயி என்னும் அம்மாள் என்னைப் பார்த்துச் சிரித்தார்.

"பூ முந்தியே வந்து காஞ்சு போயிருமுங்க. அப்பறந்தான் எலை வரும். மொத மழைக்கு எட்டு நாள் கழிச்சு வாங்க."

ஏழரை மணிக்கு ராசிபுரம். அங்கே நின்றால் வடக்கே போதமலை, கிழக்கே கொல்லிமலை, மேற்கே அலவாய்மலை. எந்தத் திசையில் போனேன் என்பதை எழுதப்போவதில்லை. ஜட்கா வாடகையைச் சொன்னால் மைல் தெரிந்துவிடும், அதையும் விடுகிறேன்.

"ஏனுங்க, தங்கம் பண்ற பச்சிலைங்களா?" என்று கேட்டார் வண்டிக்காரர். மலைப்பக்கம் தனியாகப் போகிறவனை இந்த ஊரில் ரசவாதி என்றுதான் நினைப்பார்கள்.

"இல்லை, ஒரு பூ."

"பூவுங்களா! ராசிபுரத்துக் கடையிலயே மொழக்கணக்குல கெடைக்குதுங்களே. ஊட்டுக்காரம்மாவுக்கு அத்தன கோவமுங்களா?"

சிரித்துக்கொண்டே நோட்டுப் புத்தகத்தை மடியில் சரிசெய்து வைத்துக்கொண்டேன்.

அடிவாரத்தில் இறங்கினேன். வெயில் ஏறிவிட்டது. ஒரு மணி நேரம் ஏறிய பின் ஓடைக்கரை மூங்கில் புதருக்குள் நுழைந்தோம். நுழைந்தோம் என்கிறேன், ஏனென்றால் அடிவாரத்தில் ஆடுகளோடு நின்ற ராமாயி வழிகாட்டி முன்னால் போனார். ஓரிடத்தில் உலர்ந்த இலந்தை முள் கிடந்தது. அதைக் கோலால் விலக்கினார். "நாந்தான் போட்டு வெச்சனுங்க, ஆடு வாய் வெக்காம இருக்கோணும்னு."

மட்கிய மூங்கில் சருகுக்குள்ளிருந்து ஐந்து தண்டுகள். ஒரு சாண் உயரம், இலையே இல்லை. தலை கவிழ்ந்த வெளிர்பச்சைப் பூக்கள். கீழிதழில் மட்டும் ஊதா நரம்புகள். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தேன். எத்தனை நேரம் பார்த்தேனோ தெரியாது.

கிழங்கோடு ஒன்றைப் பெயர்க்கக் கத்தியை எடுத்தேன்.

"கெழங்கைத் தொடாதீங்க சாமி. தண்டை வேணும்னா கிள்ளிக்குங்க. இந்த எடத்தையும் யாருகிட்டயும் சொல்லிப்போடாதீங்க. அந்தாண்டச் சரிவுல கார்த்திகையில கடப்பாரையோட வந்தானுங்க. மருந்துக்குன்னு மூட்ட மூட்டயா அள்ளிப்போட்டானுங்க. இப்ப அங்க ஒண்ணு மொளைக்கல."

கார்த்திகையில் கிழங்கு மூட்டைகள் எங்கள் ஷெட்டுக்கு வந்தன. தராசில் ஏற்றி, சென்னை என்று எழுதி வண்டியில் அடுக்கச் சொன்னவன் நான். அதைச் சொன்னேன். அவர் விலகிப்போன ஓர் ஆட்டைக் கோலால் திருப்பினார்.

"அப்ப உங்களுக்கே தெரியுமுங்களே" என்றார்.

தெரியும். ஒரு தண்டை மட்டும் தரைக்கு மேல் அறுத்து, நோட்டுப் புத்தகத்துக்குள் வைத்துக்கொண்டு, "சொல்ல மாட்டேன்" என்று வாக்குக் கொடுத்தேன். ராமாயி முள்ளைத் திரும்ப இழுத்துப் போட்டார்.

மாலை ஐந்து மணி பஸ்ஸில் திரும்பினேன். ஆசிரியர் கொடுத்த சீட்டில் தேதியையும் என் பெயரையும் எழுதினேன். இடம் என்ற கோட்டில் "சேலம் ஜில்லா" என்று எழுதிப் பூவோடு அனுப்பினேன்.

பதினைந்தாம் நாள் அவரிடமிருந்து கார்டு வந்தது. "பூ சரியானதே. நீர் சொன்னது உண்மை. அன்று பேசியதற்கு வருந்துகிறேன். ஆனால் சரியான இடம் தெரியாமல் எங்கள் சேகரிப்பில் சேர்க்க இயலாது. கிராமம், மலை, சரிவு எழுதவும். உம் பெயரும் அதில் ஏறும்."

உண்மை என்ற சொல்லை நாலைந்து தடவை படித்தேன். நான் கேட்டது அது ஒன்றுதான். பெயர் ஏறினால் நன்றாகத்தான் இருக்கும், இல்லை என்று சொல்ல மாட்டேன். எங்கள் ஷெட்டிலிருந்து பார்த்தால் நிலக்கரிப் புகைக்கு நடுவே மலைகள் மங்கலாகத் தெரியும். இப்போது அவற்றில் ஒன்றில் நான்கு கிழங்குகள் இலை விட்டிருக்கும். ஐந்தாவது, நான் அறுத்தது. அதுவும் இலை விட்டதா என்று பார்க்க ஆவணியில் ஒரு நாள் லீவு கேட்டிருக்கிறேன். கார்டுக்குப் பதில் எழுதவில்லை.