முப்பது புள்ளிக்கு ஒரு ரோல்ஸ்

என் பெரியப்பாவுக்குக் கூடைப்பந்தைப் பற்றித் தெரிந்ததெல்லாம் ஒரே ஒரு குளிர்காலத்தில் தெரிந்துகொண்டது. கனடாவுக்கு வந்த புதிதில் வேலை கிடைக்காமல் ஸ்காபரோவில் ஒரு பேஸ்மென்ற்றில் இருந்தபோது, அங்கிருந்த பழைய டிவியில் தெளிவாகத் தெரிந்தது அந்த ஆட்டம் ஒன்றுதான். பிறகு வேலை கிடைத்தது. பெரியம்மா வந்து சேர்ந்தார். இருவருமாகப் பள்ளிக்கூடத்துக்கு எதிரே ஒரு சாப்பாட்டுக் கடை போட்டார்கள். அதன்பின் ஆட்டம் பார்க்க ஏது நேரம்? ஆனாலும் அந்த ஒரு குளிர்காலத்தை வைத்துக்கொண்டு அவர் இருபது வருடம் கூடைப்பந்து பேசினார்.

அவர் பார்த்த காலத்தில் ஆட்டக்காரர்கள் ஒருவரையொருவர் இடித்துத் தள்ளி, கூடைக்குக் கீழே போய்த்தான் பந்தைப் போடுவார்களாம். ஒருவன் ஒரு ஆட்டத்தில் முப்பது புள்ளி எடுத்தால் அது கோயில் பெருநாள் மாதிரி. எப்போதாவது வரும், வந்தால் வாரம் முழுக்கப் பேசலாம்.

எனக்குப் பத்து வயதாக இருந்த வருடம், ஐப்பசியில், பள்ளிப் பிள்ளைகளைக் கடைக்கு இழுக்க அவருக்கு ஒரு யோசனை உதித்தது. எங்கள் நகரத்து அணி விளையாடுகிற ஆட்டத்தில் யாராவது முப்பது புள்ளி எடுத்தால், மறுநாள் மத்தியானம் பிள்ளைகளுக்கு ஆளுக்கொரு மட்டன் ரோல்ஸ் இலவசம். அதைக் கொட்டை எழுத்தில் எழுதிக் கண்ணாடிக் கதவில் தொங்கவிட்டார். நம்முடைய அணிக்காரன் எடுத்தால் மட்டும் என்று போடலாமே என்று அப்பா சொல்லிப் பார்த்தார். எதிரணிக்காரனும் பாடுபட்டுத்தானே எறிகிறான் என்றுவிட்டார் பெரியப்பா. வருடத்தில் ஐந்தாறு தடவை வந்தாலே அதிகம் என்பது அவர் நினைப்பு.

முதல் வாரத்திலேயே இரண்டு தடவை வந்தது. அடுத்த வாரம் மூன்று.

ஒன்பதாம் வகுப்பில் படித்துக்கொண்டிருந்த என் அண்ணன்தான் அவருக்கு விஷயத்தைச் சொன்னான்.

"பெரியப்பா, கேம் மாறிட்டுது. இப்ப எல்லாரும் தூரத்தில நிண்டு த்ரீதான் எறியினம், ஒண்டு விழுந்தா மூண்டு புள்ளி. எல்லாற்ற அவரேஜும் ஏறிட்டுது."

ஆட்களுக்கு உயரம் கூடிவிட்டதோ என்று கேட்டார் பெரியப்பா.

எனக்கோ அது பொற்காலம். காலையில் மணி அடிப்பதற்கு முன்னால் பிள்ளைகள் என்னைச் சுற்றிக்கொண்டு, நேற்று யாராவது எடுத்தார்களா என்று விசாரிப்பார்கள். நான் உடனே பதில் சொல்லமாட்டேன். என் கையுறையை ஒவ்வொரு விரலாகக் கழற்றிவிட்டுத்தான் சொல்வேன். அவ்வளவு மரியாதை எனக்கு அதற்கு முன்னும் கிடைத்ததில்லை, பின்னும் கிடைத்ததில்லை.

ஆனால் ரோல்ஸ் செய்வது பெரியம்மா. ரொட்டி சுட்டு, கறி வைத்து, சுருட்டி, முட்டையில் தோய்த்து, ரஸ்க் தூளில் புரட்டி, பொரித்து எடுக்க வேண்டும். வேலியில் போன ஓணானைப் பிடித்து மடியில் கட்டிக்கொண்டீர்கள் என்று அவர் பெரியப்பாவைத் திட்டிக்கொண்டே சுருட்டுவார். போர்டைக் கழற்றினால் முடிந்தது என்று அண்ணன் வழி சொன்னான்.

"பிள்ளையளுக்குச் சொன்ன சொல்லை மாத்தேலாது," என்றார் பெரியப்பா.

அதற்குப் பிறகு அவர் மறுபடியும் ஆட்டம் பார்க்கத் தொடங்கினார். உலகத்திலேயே, யாருடைய பந்தும் கூடைக்குள் விழக்கூடாது என்று வேண்டிக்கொண்டு கூடைப்பந்து பார்த்த ஒரே மனிதர் அவராகத்தான் இருக்கும். ஒருவன் இருபத்தைந்தைத் தொட்டுவிட்டால், பாவம் களைத்துப் போனான், அவனை இருத்துங்கோ என்று டிவியோடு மன்றாடுவார்.

கார்த்திகையில் பெரியம்மாவின் அக்கா மன்னாரிலிருந்து ஒஷாவாவுக்கு, மகன் வீட்டுக்கு வந்தார். அக்காவும் தங்கையும் நேரில் பார்த்து இருபது வருடத்துக்கு மேல். மன்னார் வீட்டில் சமையல் முழுக்க அக்காவின் ராச்சியம். பெரியம்மா அடுப்புப் பக்கம் போனால் சோறு கரியும், இல்லாவிட்டால் கை சுடும். ஆகவே தங்கை கடை நடத்துகிறாள் என்பதை அக்காவால் நம்பவே முடியவில்லை. போனில் பேசும்போதெல்லாம், "நீ சமைச்சு, அதை ஆக்கள் காசு குடுத்து வாங்கித் தின்னினமோ?" என்று கேட்டுச் சிரிப்பாராம். பெரியம்மாவும் சேர்ந்து சிரிப்பார்.

அம்மா நிற்பது கொஞ்ச நாள், ஸ்காபரோவுக்குக் கூட்டிவர நேரமில்லை, நீங்கள் திங்கட்கிழமை இங்கே வாருங்கள் என்று ஒஷாவா மகன் சொல்லிவிட்டான். பெரியம்மா சரி என்றார். எதையும் வற்புறுத்திக் கேட்கிற ஆள் அல்ல அவர். கடை தொடங்கிய நாளிலிருந்து ஒரு திங்கட்கிழமைகூட மூடியதில்லை. பெரியப்பா 'திங்கள் பூட்டு' என்று எழுதி, ரோல்ஸ் போர்டுக்குக் கீழேயே ஒட்டினார்.

இடையில் ஒரு ஆபத்து இருந்தது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ஓர் ஆட்டம். அதில் யாராவது முப்பது எடுத்துவிட்டால் திங்கட்கிழமை ரோல்ஸ் கொடுக்க வேண்டும். ஒஷாவாப் பயணம் நின்றுவிடும்.

அன்று பூசை முடிந்து எல்லாரும் பெரியப்பா வீட்டுக்குப் போனோம். கடையை ஒருதரம் பார்த்துவிட்டு வருகிறேன் என்று போன பெரியம்மா, ஆட்டம் தொடங்கிய பிறகுதான் வந்து சேர்ந்தார். வந்தவர் வழக்கத்துக்கு மாறாக எங்களோடு இருந்து பார்த்தார். நான் பூசையிலேயே முப்பதுக்காக மூன்று 'அருள் நிறைந்த மரியே' சொல்லிவிட்டு வந்திருந்தேன். பெரியப்பா எதிர்ப்பக்கமாக எத்தனை சொன்னாரோ தெரியாது.

வழக்கமாக ஆடாமல் ஓரத்து வாங்கில் உட்கார்ந்திருக்கும் ஓர் ஒல்லிப் பையனை அன்று இறக்கியிருந்தார்கள். அவனுக்கு என்ன பிடித்ததோ, எங்கிருந்து எறிந்தாலும் விழுந்தது. கடைசி அரை நிமிடத்தில் அவனுக்கு இருபத்தெட்டு. எங்கள் அணி வெகுதூரம் முன்னால் நின்றது, இனி எறியத் தேவையே இல்லை. பந்து அவன் கையில். அவனும் தரையில் தட்டிக்கொண்டு சும்மா நின்றான்.

பெரியப்பா டிவியைப் பார்த்துக் கைகூப்பினார். "தம்பி, நீ நல்ல பிள்ளை. வெண்டாச்சு. பேசாமல் வைச்சிரு."

அப்போது பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

"எறியடா."

திரும்பிப் பார்த்தோம். பெரியம்மா எழுந்து நின்றார். "வைச்சுக்கொண்டு என்ன பாக்கிறாய்? எறி."

ஒஷாவாவுக்குப் போகவேண்டியவர் சொல்கிறார். அந்தப் பையனுக்கும் கேட்டதோ என்னவோ, மூன்று புள்ளிக் கோட்டுக்கு வெகு பின்னாலிருந்து எறிந்தான். விழுந்தது. முப்பத்தொன்று.

முதலில் துள்ளியது பெரியப்பாதான். அண்ணனைக் கட்டிப்பிடித்துச் சுற்றினார். பிறகு நினைவு வந்து, மெதுவாகக் கதிரையில் உட்கார்ந்தார். பெரியம்மாவின் முகத்தைப் பார்க்க அவரால் முடியவில்லை. உன்ர அக்காவுக்காக இந்த ஒருதரம் சொல்லை மீறுகிறேன், இப்போதே போய்ப் போர்டைக் கழற்றுகிறேன் என்று எழுந்தார். அவரைப் பொறுத்தவரை அது சின்னக் காரியம் அல்ல.

"வேண்டாம்," என்றார் பெரியம்மா. "பிள்ளையளுக்குச் சொன்ன சொல்லெல்லே."

சொல்லிவிட்டு ஒஷாவாவுக்குப் போன் எடுத்தார். இருநூறு ரோல்ஸ் செய்ய வேண்டும், கை காணாது, அக்காவைக் கொண்டுவந்து விடு தம்பி என்றார். உதவி என்று கேட்டால் எந்த மகன் மறுப்பான்?

நாங்கள் நேரே கடைக்குப் போய் வேலையைத் தொடங்கிவிட்டோம். பொழுதுபட அக்கா வந்தார். மகனுடைய பெரிய ஜாக்கெட்டுக்குள் முகம் மட்டும்தான் தெரிந்தது. இரண்டு பேரும் கட்டிக்கொண்டு அழுதார்கள், பிறகு சிரித்தார்கள். பெரியம்மா சூடாக ஒரு ரோல்ஸை எடுத்து நீட்டினார். அக்கா கடித்தார். இன்னொரு கடி கடித்தார். நாங்கள் எல்லாரும் கையில் மாவோடு பார்த்துக்கொண்டு நின்றோம்.

"உள்ளுக்கு என்னடி போட்டனி?" என்று அக்கா கேட்டார். பெரியம்மா எண்ணெய்ச் சட்டியில் கிடந்த ரோல்ஸைப் புரட்டினார். அவருடைய முகம் அப்படிச் சிவந்ததை நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

அக்கா அன்று ஒஷாவாவுக்குத் திரும்பவில்லை. மறுநாள் மத்தியானம் கடை வாசலிலிருந்து பஸ் தரிப்பு வரைக்கும் பிள்ளைகள் வரிசையில் நின்றார்கள். ரோல்ஸை அக்காதான் எடுத்துக் கொடுத்தார். ஒவ்வொரு பிள்ளையிடமும், "என்ர தங்கச்சி செய்தது," என்று தமிழிலேயே சொன்னார். சீனப் பிள்ளைகளும் சோமாலியப் பிள்ளைகளும் மரியாதையாகத் தலையாட்டிவிட்டு வாங்கிக்கொண்டு போனார்கள்.

அடுத்த வருடம் பெரியப்பா போர்டில் முப்பதை நாற்பதாக்கினார். அதுவும் நெடுநாள் தாங்கவில்லை.

இப்போது நான் மிசிசாகாவில் இருக்கிறேன். நத்தார் பண்டிகைக்குப் பெரியம்மாவின் முறைப்படி நானே ரோல்ஸ் செய்கிறேன். கறி நன்றாக ஆற வேண்டும், சூட்டோடு வைத்தால் ரொட்டி கிழிந்துவிடும். அப்படி ஒருநாள் சட்டியைப் பார்த்துக்கொண்டு காத்திருந்தபோதுதான் அந்த ஞாயிற்றுக்கிழமை ஞாபகம் வந்தது. ஆட்டம் முடிந்த கையோடு நாங்கள் கடைச் சமையலறைக்குள் நுழைந்தோம். பெரியம்மா மிகப் பெரிய சட்டியின் மூடியைத் திறந்தார். இருநூறு ரோல்ஸுக்குப் போதுமான இறைச்சிக் கறி, கிழங்கு மசித்துச் சேர்த்து, சுருட்டத் தயாராக இருந்தது. பெரியம்மா எப்போதும் இப்படித்தான், எல்லாம் ஆயத்தம் என்று அண்ணன் சொன்னான். நானோ மூன்று அருள் நிறைந்த மரியேயின் பலன் என்று பெருமைப்பட்டுக்கொண்டு, கையை விட்டுக் கறியை அள்ளினேன். அது குளிர்ந்திருந்தது. அவ்வளவு பெரிய சட்டிக் கறி ஆறுவதற்கு எத்தனை மணி நேரம் பிடிக்கும் என்று எனக்கு அப்போது தெரியாது.