பச்சைப் பொத்தான்

சேலத்தில் ஒரு திருமணத் தகவல் செயலியில் வடிவமைப்பாளராக இருந்தேன். வரன் படத்துக்குக் கீழே 'விருப்பம்' என்ற பச்சைப் பொத்தானைத் திரையின் அகலத்துக்கு வரைந்தது நான். அதன் அடியில் 'வேண்டாம்' என்பதைச் சாம்பல் நிறத்தில், பொடி எழுத்தில் வைத்ததும் நான்தான். மேலாளர் எல்லோர் முன்னிலையிலும் பாராட்டினார்.

திருச்செங்கோட்டில் இருந்த அம்மா, எனக்குச் சொல்லாமல் அதே செயலியில் என்னைப் பதிவு செய்திருந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போயிருந்த நான் தலைக்கு எண்ணெய் வைத்துக்கொண்டிருந்தபோது, பள்ளிபாளையத்திலிருந்து ஒரு குடும்பம் பழத்தட்டோடு வாசலில் வந்து நின்றது.

"உங்க பொண்ணுக்கு விருப்பம்னு வந்துச்சுங்க. போன் எடுக்கல, அதான் நேர்லயே வந்துட்டோம்" என்றார் பையனின் அப்பா.

அவர்களை உட்காரவைத்துவிட்டு அம்மா என்னைச் சமையலறைக்குள் இழுத்தார்.

"நா யாருக்கும் விருப்பம்னு சொல்லல சாமி. அடுத்த போட்டோவப் பாக்கத்தான் பச்சைய அமுக்குனேன்."

"எத்தன பேருக்கும்மா?"

"வந்த அத்தன பேருக்குந்தான்."

"கீழ வேண்டாம்னு இருக்குமே?"

கண்ணாடியைப் போட்டுக்கொண்டு தேடினார். "இதா? இத எந்தப் புண்ணியவான் இப்படி வெச்சான்?"

நான்தான் என்றேன். அம்மா அடுப்பைக் காட்டி, பால் பொங்குது பார் என்றார்.

காபி கொடுத்தபோது பையனிடம் நடந்ததைச் சொன்னேன். "எங்கம்மாவும் அப்படித்தான் அமுக்கியிருப்பாங்க. உங்க போட்டோவ நா இன்னும் பாக்கலைங்க" என்றார். மதியம் எங்கள் வீட்டிலேயே சாப்பிட்டுவிட்டுப் போனார்கள்.

மற்ற முப்பத்தாறு வீடுகளுக்கும் போன் செய்ய உட்கார்ந்தோம். அம்மா பேசினார், நான் எண்களைப் போட்டுக் கொடுத்தேன். பெரும்பாலானவர்களுக்கு எங்களை ஞாபகமே இல்லை. மேட்டூரில் ஓர் அம்மா மட்டும் கடைசிவரை கேட்டுவிட்டு, "ஒரு வருசத்துல எம்பையனுக்கு வந்த மொத விருப்பம் உங்களுதுதானுங்க. பரவால்லீங்க" என்று வைத்துவிட்டார். அதற்குப் பிறகு அன்றைக்கு நாங்கள் யாரையும் கூப்பிடவில்லை.

திங்கட்கிழமை இரண்டு பொத்தான்களையும் ஒரே அளவில் வரைந்து மேலாளரிடம் கொடுத்தேன். ஒரு வாரம் செயலியில் இருந்தவர்களில் பாதிப் பேருக்கு அதைக் காட்டிப் பார்த்தார்கள். விருப்பங்கள் மளமளவென்று குறைந்தன.

"ஜனங்களுக்குப் புடிக்கல" என்றார் மேலாளர்.

"எது புடிக்கலைங்க?"

"நீங்க மாத்துனது."

பழையதையே திரும்ப வைத்தார்கள். இரண்டு மாதத்தில் வேலையை விட்டேன். ஊருக்கு வந்ததும் அம்மா என் கணக்கை நீக்கச் சொன்னார். கணக்கை நீக்கும் பக்கத்தை வரைந்தது என்னோடு வேலை செய்த இன்னொருவர். நீக்கும் பொத்தான் எங்கே என்று தெரியாமல் அவருக்கே போன் செய்தேன். அவரும் தேடித்தான் சொன்னார்.