கொல்லத்தக்க ஒரு பிரபு

அயல்நாட்டு அரசர்களின் தலையெழுத்தைக் கரும்பலகையில் எழுதிவிட்டு, அதற்காகத் தன் நெஞ்சு படபடக்க வாழ்வதே ஆங்கில ஆசிரியனின் தொழில். சாக்பீஸ் தூசியைச் சுவாசித்து, நிர்வாகத்தின் முகக்குறி பார்த்து நாள் கழித்த சக ஆசிரியப் பெருமக்களே, உங்களுக்குத்தான் இவற்றைச் சொல்கிறேன், மற்றவர்கள் சிரித்துவிடுவார்கள்.

ஐந்து படிகள்

இரண்டாயிரங்களின் நடுவில் ஷார்ஜாவில் ஓர் இந்தியப் பள்ளியில் பணி. வாடகை குறைவு என்பதால் குடியிருப்பு அஜ்மானில். அவ்வாண்டு எனக்கு அறுபது நிறைந்தது. அறுபதைக் கடந்தவனுக்காகப் பள்ளி நிர்வாகம் எழுதிக் கேட்டால்தான் விசா மேலும் ஓராண்டு நீளும். தாமதமாகப் பிறந்த என் ஒரே மகள் அதே பள்ளியில் பதினோராம் வகுப்பில் இருந்தாள். என் விசா முடிந்தால் அவளுடையதும் முடியும். பன்னிரண்டாம் வகுப்பை அவள் அங்கே முடிப்பது மேலாளரின் ஒரு கையெழுத்தில் தொங்கியது. விடியலில் பாசுரம் ஓதுகையில் பெருமானின் திருவடி தோன்ற வேண்டிய இடத்தில் மேலாளரின் பேனா தோன்றியது என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

ஆண்டு விழாவுக்கு ஆங்கிலத் துன்பியல் நாடகம் ஒன்றைத் தயாரிக்கும் பொறுப்பு எனக்கு வந்தது. வேட்டைக்கு வந்த அரசனை ஏர்ல் என்னும் பட்டமுள்ள பிரபு ஒருவன் கொன்று முடிசூடி, முடிவில் தானும் அழிவதே கதை. மாணவர்களுக்காகக் கரும்பலகையில் ஓர் ஏணி வரைந்தேன்: உச்சியில் அரசன், அவனுக்குக் கீழே டியூக், மார்க்வெஸ், ஏர்ல், வைகவுண்ட், பாரன் என ஐந்து படிகள். வகுப்பு முடிந்ததும் எட்டிப் பார்த்த வரலாற்று ஆசிரியர் செல்லதுரை, திருநெல்வேலிக்காரர், ஏணியை மேலும் கீழும் நோக்கிவிட்டுக் கேட்டார்: "எல்லாம் சரிதான் வே, விசா புதுப்பிக்க வேண்டியவன் இதுல எந்தப் படில நிக்கான்?"

முதல் பதவியிறக்கம்

ஒத்திகை தொடங்கிய மூன்றாம் நாள் முதல்வர் அழைத்தார். பாலக்காட்டு அம்மையார், ஆசிரியர்களை 'மாஷே' என்றழைப்பவர், குரல் உயர்த்தாதவர், அதனாலேயே நாங்கள் அதிகம் அஞ்சினோம். விழாவுக்குக் கல்வித் துறையிலிருந்து ஓர் ஆய்வாளர் வருவதாகவும், அவர் இந்த மண்ணின் பெரியவர் என்றும் தெரிவித்தார். நாடகத்தின் தாளை இரு விரல்களால், சூடான பாத்திரத்தைப் பிடிப்பதுபோலப் பிடித்திருந்தார்.

அரசனுக்குப் பதில் கீழ்ப்படியில் உள்ள ஒருவர் சாகலாமே என்றார். அந்தக் கதை நிகழும் காலத்தில் இங்கிலாந்தில் அந்தக் கீழ்ப்பட்டங்கள் பல பிறக்கவே இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். மகளின் முகம் நினைவுக்கு வந்தது. தாளை வாங்கிக்கொள்ளக் கை நீட்டினேன். அம்மையார் மிக மென்மையாகச் சொன்னார்: "மாஷே, ராஜா இருக்கிற நாட்டுல உக்காந்துட்டு ராஜாவைக் கொல்ல வேண்டாம். ஒரு டியூக்கைக் கொன்னா மதி, அது போதும்."

இரண்டாவது பதவியிறக்கம்

டியூக் ஒரு வாரம் உயிரோடிருந்தார். பிறகு மேலாளரின் அறைக்கு அழைப்பு வந்தது. கும்பகோணத்துக்காரரான அவர் மேசையில் என் விசாக் கோப்பு கிடந்தது. அதன் மீது ஒரு தேநீர்க் கோப்பை வைக்கப்பட்டிருந்தது. பேசி முடிக்கும்வரை அந்தக் கோப்பையின் ஈர வளையத்திலிருந்து என் கண் அகலவில்லை.

"உக்காருங்கோ சார்" என்றவர், கணினித் திரையை என் பக்கம் திருப்பினார். "நெட்ல பாத்தேன். சில ஊர்ல டியூக்கே இன்னும் நாட்டை ஆண்டுண்டிருக்காராம். நமக்கு எதுக்கு வம்பு? ஆட்சியில இல்லாத ஆளா ஒருத்தரைப் பாத்துக் கொல்லுங்கோ."

முத்துக் கணக்கு

மார்க்வெஸ் டியூக்குக்கு அடுத்த படி என்பதால் அவனைத் தொட அஞ்சினேன். ஏர்ல் பட்டம் ஏற்கெனவே கொலைகாரனிடம் இருந்ததால், அதையும் தாண்டி வைகவுண்டுக்கு இறங்கினேன். இறங்குவது எனக்கு எளிது. பர் துபாய் மீனா பஜாரில் உடை தைத்துக்கொண்டிருந்த கீழக்கரை மஜீத் பாய்க்குத்தான் வேதனை. ஆங்கிலப் பிரபுக்களின் மகுடத்துக்குக் கறாரான இலக்கணம் உண்டு. அரசனின் முடியைப் பிரித்து டியூக்குக்கு எட்டு இலைகள் வைத்திருந்தார். வைகவுண்டுக்கோ இலை கிடையாது, பதினாறு முத்துகள். "பதவி இறங்குது, முத்து ஏறுது. என்ன சார் கணக்கு இது?" என்று முனகியபடியே பதினாறையும் கோத்துத் தந்தார்.

அந்த மகுடத்தை நான் கையில் வாங்கிய நேரத்தில் கைப்பேசி ஒலித்தது. மேலாளர். எதற்கும் பட்டியலின் கடைசி ஆளாகவே இருக்கட்டும் என்றார். கடைசி ஆள் பாரன். அவனுக்கு ஆறே முத்து. தயங்கித் தயங்கி மகுடத்தைத் திருப்பி நீட்டினேன். மஜீத் பாய் ஊசியைக் கீழே வைத்தார்: "பதினாறைப் பிச்சு ஆறாக்கணுமா? கலாஸ், போதும்! அந்த மனுசனைச் சீக்கிரம் கொன்னு முடிங்க சார், என்னால தைக்க முடியல."

தந்தையின் வழக்கு

அரசனாக நடித்த மாணவனின் தந்தை முருகையன், புதுக்கோட்டைக்காரர். கட்டட வேலையில் ஃபோர்மேன். சைட்டிலிருந்து நேராக, சிமெண்ட் படிந்த காலணியோடு என் வீட்டுக்கு வந்தார். காலணியை வாசலிலேயே கழற்றி வைத்துவிட்டு, நாற்காலியில் உட்கார மறுத்து நின்றார்.

மகனை எதற்காகப் பாரனாக இறக்கினேன் என்று கேட்டார். உள்ளறையில் என் காரணம் கணக்குப் பாடம் போட்டுக்கொண்டிருந்தது. அவர் கோபப்படவில்லை, அதுதான் என்னைச் சுட்டது. "ராஜா வேசம்னு ஊருக்கெல்லாம் போன் போட்டுச் சொல்லிட்டேன் சார். சாகப்போறவன்தானே, ராஜாவாவே செத்துட்டுப் போறான், அதுல யாருக்கு என்ன நட்டம்?"

விழா நாள்

ஆய்வாளர் முதல் வரிசையில் அமர்ந்தார். வெண்ணிற அங்கி, வெண்தாடி, கையில் ஜபமாலை. பின்வரிசையில் நான் என் துளசிமணியை உருட்டிக்கொண்டிருந்தேன். மேடையில் கொலைகாரன் வாளை உயர்த்தி முழங்கினான்: "நான் ஏர்ல்! விடிவதற்குள் பாரன் ஆவேன்!" என் கை நின்றது. இறப்பவனை மூன்று முறை கீழே இறக்கிய நான், கொல்பவனை இறக்க மறந்திருந்தேன். இரண்டு படி மேலே நிற்பவன், கீழே இறங்குவதற்காகக் கொலை செய்துகொண்டிருந்தான்.

திரை விழுந்ததும் ஆய்வாளர் என்னை அழைத்துவரச் சொன்னார். முதல்வரும் மேலாளரும் இருபுறமும் நின்றனர். தாம் இளமையில் லண்டனில் படித்ததாகக் கூறி, நிதானமான ஆங்கிலத்தில் வினவினார்: "ஆசிரியரே, ஏர்ல் பெரியவன், பாரன் சிறியவன். இந்த மனிதன் எதற்காகக் கொன்றான்?" மேலாளர் என்னை முறைத்தார். பொய் ஒன்றும் அகப்படவில்லை. "இறந்தவர் முதலில் அரசர், ஐயா. அச்சத்தால் நாங்கள்தான் இறக்கினோம்" என்றேன்.

ஆய்வாளர் ஜபமாலையை உள்ளங்கையில் சுருட்டிக்கொண்டார். பிறகு அவர் தோள் குலுங்கச் சிரித்தார். "எங்கள் கதைகளிலும் அரசர்கள் சாகிறார்கள். கேட்டுவிட்டு நன்றாகத்தான் உறங்குகிறோம். அடுத்த ஆண்டு அவரை அரசராகவே சாக விடுங்கள், நான் வருவேன்." அவரை வாகனம்வரை வழியனுப்பிவிட்டுத் திரும்பிய முதல்வர், மேலாளர் காதிலும் விழும்படி சொன்னார்: "கேட்டீங்கல்ல மாஷே? அடுத்த வருஷம் ராஜாவை நீங்களே இருந்து கொன்னு தரணும். விசா லெட்டர் நாளைக்கே போகும்."

அடியேன் என்பதற்கு மேல் பட்டமில்லை என்று நாள்தோறும் ஓதும் நான், ஓர் அரசனை மூன்று முறை பதவியிறக்கித்தான் என் பதவியில் மேலும் ஓராண்டு நீடித்தேன்.